ஸ்பிட்டிக்குத் தாராளமா போங்க அண்ணாச்சி, மணாலி வழியா மட்டும் ஏறாதீங்க

கேள்வி: எனக்கு ஊரு அம்பாசமுத்திரம். வாத்தியார் வேலையில இருந்து ரிட்டயர் ஆயிட்டேன், வயசு 60, பிரஷருக்கு மாத்திர போடுதேன். வீட்டுக்காரிக்கு 55, முட்டி வலி உண்டு. இமயமல பாக்கணும்னு ரெண்டு பேருக்கும் ரொம்ப நாளா ஆச. இமாசலப் பிரதேசத்துல ஸ்பிட்டின்னு ஒரு மலைப் பள்ளத்தாக்கு, அங்க எட்டுப் பேர் மட்டும் போற டூர் ஒண்ண மகன் பாத்து வச்சிருக்கான். அதுல ரெண்டு பிளான். மணாலி வழியா நேரா ஸ்பிட்டியோட பெரிய ஊரான காஜா போயிட்டு அதே வழியில திரும்புறது ஆறு ராத்திரி. சிம்லா, கின்னோர் வழியா சுத்திப் போயி மணாலில எறங்குறது ஒம்பது ராத்திரி, ஆளுக்கு 14,000 ரூபா கூட. ஜூலை கடைசில போகலாம்னு இருக்கோம். சின்ன பிளானே போதும்ங்கான் மகன். எது நல்லது? முன்ன பின்ன தெரியாதவங்ககூட ஒரே வேன்ல போறது சரிப்படுமா? அங்க சேல கட்டலாமான்னு வீட்டுக்காரி கேக்கச் சொன்னா.

பதில்: அண்ணாச்சி, மொதல்ல அந்த 14,000த்த மறந்துருங்க, பெரிய பிளானையே எடுங்க. மகன் சொல்லுதது தப்புன்னு சொல்ல வரல, அவன் வயசுக்கு அது சரியா இருக்கலாம், பாதிப் பேருக்கு அந்த வயசுலயும் சரிப்படாதுங்கறது வேற கத. ஏன் சொல்லுதேன்னா மலையில எத்தன எடம் பாத்தோம்ங்கறது பெரிய விஷயமே இல்ல, ஒவ்வொரு ராத்திரியும் எவ்வளவு உசரத்துல படுக்கோம்ங்கறதுதான் விஷயம், டூர்காரங்க நோட்டீஸ்ல அது மட்டும் இருக்கவே இருக்காது.

கணக்கப் பாருங்க. நீங்க தெனமும் வாசல்ல நின்னு பாக்குற பொதிகை 1,868 மீட்டர். ஒரு பொதிகை மேல இன்னொரு பொதிகையத் தூக்கி வச்சா எவ்வளவோ அவ்வளவு உசரத்துல கெடக்கு காஜா, ஏறக்குறைய 3,700 மீட்டர். மணாலி 2,050தான். சின்ன பிளான்ல காலையில மணாலில காப்பி குடிச்சிட்டு வண்டி ஏறுனா நடுவுல 4,551 மீட்டர் குன்சும் கணவாயத் தாண்டி அன்னைக்கு ராத்திரியே காஜாவுல படுக்கணும். ஒரே நாள்ல 1,650 மீட்டர்! 3,000 மீட்டருக்கு மேல போயிட்டா படுக்குற உசரத்த ஒரு நாளைக்கு 500 மீட்டருக்கு மேல கூட்டக் கூடாது, மூணு நாலு நாளைக்கு ஒருக்கா அதே எடத்துல தங்கி ஒடம்ப பழக்கணும்னுதான் மலை வைத்தியம் தெரிஞ்ச டாக்டருங்க சொல்லுதாங்க. இந்தப் பிளான் அதுக்குள்ள அடங்கவே அடங்காது.

சிம்லா வழி அப்படி இல்ல. மொத ராத்திரி நார்கண்டா, 2,700 மீட்டர், நம்ம தமிழ்நாட்டுலயே உசரமான தொட்டபெட்டா 2,637தான், அத மொத நாளே தாண்டிருவீங்க ஆனா ஒடம்புக்குத் தெரியாது. அடுத்து கல்பா, 2,960, அங்க ரெண்டு ராத்திரி போடச் சொல்லுங்க, சன்னலத் தொறந்தா எதுத்தாப்புல கின்னர் கைலாஷ் மலை, சுத்தி ஆப்பிள் தோட்டம், சும்மா உக்காந்திருந்தாலே போதும். பொறவு நாக்கோ ஏரியப் பாத்துட்டு தாபோ, 3,280. அதுக்குப் பொறவுதான் காஜா. படிப்படியா ஏறுறதால மூச்சு பழகிக்கிடும். காஜாவுல காத்தழுத்தம் கடல்மட்டத்துல இருக்கறதுல மூணுல ரெண்டு பங்குதான், நம்மூருல இருந்து கொண்டுபோன சிப்ஸ் பாக்கெட்டு காஜா போய்ச் சேரும்போது வெடிக்கற கணக்கா உப்பிக்கிட்டு நிக்கும், பாத்தா புரிஞ்சிரும்.

காஜாவுல நான் தங்குன ஒரு ஓட்டல்ல சாயங்காலம் மணாலில இருந்து ஒரு டெம்போ டிராவலர் வந்து நின்னுச்சு, எல்லாம் முப்பது வயசுக்குள்ள உள்ள பிள்ளைங்க, எறங்குனதும் ஒருத்தன் வாசப்படியிலயே தலையப் புடிச்சிட்டு உக்காந்துட்டான், ரெண்டு பொண்ணுங்க செவுத்தோரமா வாந்தி, ராத்திரி சாப்பாட்டுக்குப் பாதிப் பேரு வரவே இல்ல. மறுநாள் கீ மடாலம் போற பிளான் அவங்களுக்கு, பாதிப் பேரு ரூம விட்டு வெளிய வரல. குடுத்த காசுக்கு கம்பளிதான் பாத்தாங்க.

டாக்டர் விஷயம். பிரஷர் இருக்கறதால போகக் கூடாதுன்னு இல்ல, கட்டுக்குள்ள இருக்கான்னு பாளையங்கோட்டையிலயோ அம்பையிலயோ உங்க டாக்டர்கிட்ட ஒரு மாசம் முன்னாடியே காட்டிருங்க, மதினியயும் கூட்டிட்டுப் போங்க. மலை உசரம் ஒடம்புக்கு ஒத்துக்கிட டயமாக்ஸ்னு ஒரு மாத்திர இருக்கு, மலை ஏறுறதுக்கு மொத நாள் ஆரம்பிப்பாங்க, அத நீங்களா கடையில வாங்கிப் போடாதீங்க. சல்ஃபா மருந்து ஒத்துக்கிடாதவங்களுக்கு அது ஆகாது, நீங்க போடுத பிரஷர் மாத்திரையே நீர் பிரிக்குத வகையா இருந்தா டாக்டர் யோசிச்சுத்தான் குடுப்பாரு. இன்னொண்ணு, அதப் போட்டா அடிக்கடி ஒண்ணுக்கு வரும், வழியில பாத்ரூம் கெடையாது, பாறைதான். தலவலி, கொமட்டல், தூக்கமில்லாம பொரளுறது இதெல்லாம் மொத ரெண்டு நாள் யாருக்கும் வரும், தண்ணி குடிச்சிட்டு அசையாம இருங்க, மேக்கொண்டு ஏறாதீங்க. ஆனா நேராக் கோடு மேல நடக்க முடியாம தள்ளாடுனாலோ, பேச்சு குழறுனாலோ, சும்மா உக்காந்திருக்கும்போதே மூச்சு வாங்குனாலோ காலையில பாத்துக்கிடலாம்னு படுக்கக் கூடாது, அந்த ராத்திரியே வண்டிய எடுத்துக் கீழ எறங்கணும். கைக்கடக்கமா விக்காங்களே ஆக்சிஜன் டப்பா, அத நம்பி இருந்துராதீங்க, கொஞ்ச நேரத்துல தீந்துரும். அங்கன போயி ஒரு பெக் போட்டா குளிருக்கு இதமா இருக்கும்னு குரூப்ல எவனாச்சும் சொல்லுவான், சவத்த தள்ளுங்க.

அடுத்து மாசம். ஜூலை கடைசி வேண்டவே வேண்டாம். ஸ்பிட்டி உள்ளார மழையே பெருசா கெடையாது, மேகத்தையெல்லாம் முன்னால நிக்குற மலைங்க புடிச்சு வச்சுக்கிடும், அதான் புல்லு கூட மொளைக்காம காஞ்சு கெடக்கு. ஆனா அங்க போறதுக்கு கின்னோரத் தாண்டணுமே, சட்லஜ் ஆத்தோரமா மலையச் செதுக்கிப் போட்ட ரோடு, ஆடி ஆவணியில மேல இருந்து கல்லு உருளும். 2021 ஜூலையில சாங்லா பக்கம் பட்சேரியில பாறை உருண்டு டூரிஸ்ட் வண்டி மேல விழுந்து ஒம்பது பேரு போயிட்டாங்க, கீழ இருந்த பாலமே ஒடைஞ்சிச்சு. அடுத்த மாசமே நிகுல்சரியில மலை சரிஞ்சு பஸ்ஸு மேலயே விழுந்துச்சு. பயமுறுத்தச் சொல்லல, தேதிய மாத்துங்கன்னு சொல்லுதேன். செப்டம்பர் 15க்குப் பொறவு அக்டோபர் மொத வாரம் வரைக்கும் நல்லா இருக்கும், வானம் துடைச்சு விட்ட மாதிரி இருக்கும், கல்பாவுல ஆப்பிள் பறிக்குற சமயம், குன்சும் கணவாயும் பெரும்பாலும் தொறந்தே இருக்கும். ராத்திரிக் குளிர் பூஜ்யத்த ஒட்டி எறங்கும், அதுக்குத்தான் ரஜாய்னு பஞ்சு வச்ச கனத்த போர்வை குடுக்காங்க, ரெண்டு கேட்டு வாங்கிக்கிடுங்க. மகனுக்கு அப்ப லீவு இல்லன்னா பரவாயில்ல, நீங்க ரெண்டு பேரும் போங்க.

எட்டுப் பேரு குரூப்புங்கறது உண்மையில நல்ல சைஸு. நாப்பது பேரு பஸ்ஸு அந்தக் கொண்டை ஊசில திரும்புறதுக்குள்ள பொழுது போயிரும், ஒருத்தருக்கு முடியலன்னா மத்தவங்க வண்டிய நிறுத்தவும் மாட்டாங்க. தெரியாத ஆளுங்கன்னு தயங்காதீங்க, ரெண்டாம் நாள் சாயங்காலத்துக்குள்ள நீங்க எல்லாருக்கும் சார் ஆயிருவீங்க, மதினி எல்லாருக்கும் மாத்திர குடுக்க ஆரம்பிச்சிருவாங்க. ஆனா முன்பணம் கட்டுறதுக்கு முன்னால டூர்காரங்களுக்குப் போனப் போட்டு நாலு விஷயம் கேட்டுருங்க. கூட வாறவங்க வயசு என்ன, எல்லாம் இருவது வயசுப் பயலுவன்னா ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் பாட்டு கேக்கும். வண்டி என்ன, எட்டுப் பேருக்குப் பன்னெண்டு சீட்டு டெம்போ டிராவலர்னா சௌகரியம், கடைசி சீட்டு பின் சக்கரத்துக்கு மேல இருக்கும், தூக்கித் தூக்கிப் போடும், அதுல மதினிய உக்கார வைக்காம தெனமும் சீட்டு மாத்தி உக்காரணும்னு மொத நாளே சொல்லிப் பேசிருங்க. டிரைவர் அந்தப் பக்கத்து மலைக்காரரான்னு கேளுங்க, டில்லில இருந்து கூட்டிட்டு வாற டிரைவர் வேண்டாம். யாருக்காச்சும் மேலுக்கு முடியாமப் போனா பாதியில எறக்கி விட என்ன ஏற்பாடு, பணம் எவ்வளவு திரும்பும், இத எழுத்துல வாங்கணும்.

முட்டி வலிக்குன்னு தனியா ஒரு கேள்வி இருக்கு, இத யாரும் சொல்ல மாட்டாங்க. ஸ்பிட்டி ஊருங்கள்ல பழைய வீட்டுல உள்ளது உலர் கக்கூசு, தரையில ஒரு ஓட்டை, குத்த வச்சு உக்காரணும், முடிஞ்சதும் மண்ண அள்ளிப் போடணும். தண்ணியே இல்லாத ஊருக்கு அருமையான ஏற்பாடுதான், ஆனா மதினி முட்டிக்கு? ஒவ்வொரு ராத்திரி தங்குற எடத்துலயும் வெஸ்டர்ன் டாய்லெட் உண்டா, ரூமு கீழ் மாடியிலயான்னு கேட்டு வாங்குங்க. கடைசி ராத்திரி சந்திரதால் ஏரிப் பக்கம் கூடாரத்துல தங்க வைப்பாங்க, 4,250 மீட்டர், ஏரிக்கரையில விடமாட்டாங்க, சில கிலோமீட்டர் தள்ளித்தான். ஏரி பகல்ல பாக்க அவ்வளவு அழகு, ஆனா கூடாரம் உங்களுக்கு வேண்டாம். காஜாவுலயே இன்னொரு ராத்திரி தங்கிட்டு விடியக்காலம் கெளம்பச் சொல்லுங்க, எப்படியும் மணாலிக்கு எறங்குற வழியில பத்தல்ங்கற எடத்துல இருந்து கிராம்ஃபூங்கற எடம் வரைக்கும் ரோடுன்னு ஒண்ணு கெடையாது, உருட்டுக்கல்லும் ஓடையுந்தான், மத்தியானத்துக்கு மேல பனி உருகி ஓடையில தண்ணி ஏறிரும், சீக்கிரம் தாண்டுறது நல்லது.

எத விட்டாலும் தாபோவுல உள்ள புத்த மடாலத்த விட்றாதீங்க. வெளிய இருந்து பாத்தா மண்ணு செவுரு, நம்மூரு பழைய நெல்லுக் குதிருக்கு மேல ஒண்ணுந் தெரியாது, பத்து நிமிஷத்துல பாத்துட்டு வண்டி ஏறச் சொல்லுவாங்க, ஏறாதீங்க. உள்ள இருட்டு, கண்ணு பழகக் கொஞ்ச நேரமாவும், பொறவுதான் செவுரு பூராவும் ஆளுசரத்துக்கு சுதைச் சிலைங்க உங்களச் சுத்தி உக்காந்திருக்கறது தெரியும், அதுக்குக் கீழ வரைஞ்ச படம், சாயம் இன்னும் மங்கல. 996ல கட்டுனது அண்ணாச்சி, ராஜராஜன் பெரிய கோயில முடிச்சது 1010ல, அதுக்கும் முந்தினது. போட்டோ எடுக்க விடமாட்டாங்க, நல்லதுதான். காஜாவுக்கு மேல லாங்சாங்கற ஊருக்குப் போனா பிள்ளைங்க கல்லாப் போன நத்தைய நீட்டும், இமயமல எந்திரிக்குமுன்ன அங்க கடல் கெடந்த அடையாளம், பாருங்க, காசு குடுத்து வாங்காதீங்க. ஹிக்கிம் தபாலாபீசுல இருந்து உங்க பழைய ஸ்கூலுக்கு ஒரு கார்டு போடுங்க, 4,400 மீட்டர்ல இருக்கு.

போற வழி. திருக்குறள் எக்ஸ்பிரஸ் நெல்லை வழியா நிஜாமுதீன் வரைக்கும் போவுது, அங்க இருந்து டில்லி மாறி கால்கா. கால்காவுல இருந்து சிம்லாவுக்கு பொம்ம ரயில் இருக்குல்லா, 96 கிலோமீட்டர், 1903ல போட்டது, அதுல போயி சிம்லாவுல ஒரு ராத்திரி சும்மா கெடந்துட்டு மறுநாள் குரூப்போட சேந்துக்கிடுங்க, சண்டிகர்ல நடுராத்திரி வேன் ஏறுறத விட நூறு மடங்கு மேலு. சாப்பாட்டுக்குப் பயப்படாதீங்க, ராஜ்மா, சோறு, துக்பா சூப்பு எல்லாம் கெடைக்கும், ஆனா ரெண்டாவது நாளே நாக்கு ரசம் கேக்கும், பருப்புப்பொடியும் கொஞ்சம் நல்லெண்ணெயும் எடுத்துக்கிடுங்க. அல்வா கால் கிலோ டிரைவருக்குன்னு தனியா வச்சிருங்க, குடுத்த அன்னைக்கே முன் சீட்டு மதினிக்குத்தான்.

சேல விஷயம். கட்டலாம், யாரும் ஒண்ணும் சொல்லப் போறதில்ல, ஆனா உள்ள தெர்மல் போட்டு மேல சேல கட்டி அதுக்கு மேல ஜாக்கெட் போட்டுக்கிட்டு அந்தப் பாறை மறைவுக்குப் போயிட்டு வாறது மதினிக்குச் செரமம், வண்டி படியும் உசரம். ரெண்டு சுடிதார் எடுத்துக்கிடச் சொல்லுங்க, ஷூவ இப்பமே வாங்கி ஒரு மாசம் ஆத்தங்கரைப் பக்கம் நடந்து பழகட்டும், புது ஷூவோட மலைக்குப் போனா மொத நாளே குதிங்கால் கொப்புளிச்சிரும். பட்டுச்சேல ஒண்ணு வேணும்னா பெட்டியில இருக்கட்டும், கல்பாவுல போட்டோ எடுக்க.