கேளுங்கள், சொல்கிறோம்: சாமத்தில் கத்தி எழும்பும் தம்பி

கேள்வி: 2008இல், போர்க்காலத்தில், ‘வீட்டுக்கு ஒருவர்’ என்று 16 வயதில் தம்பியைப் புலிகள் இயக்கத்தினர் பிடித்துக்கொண்டு போனார்கள். போர் முடிந்தபிறகு அரசின் புனர்வாழ்வு முகாமில் இருந்துவிட்டு வந்து மேசன் வேலை செய்கிறான். இன்றைக்கும் நடுச்சாமத்தில் கத்திக்கொண்டு எழும்புகிறான். தட்டியெழுப்பப் போன அம்மாவின் கழுத்தைப் பிடித்துவிட்டான். விடிந்தால் ‘நான் பாவி’ என்று அழுகிறான். என்ன செய்யலாம்?
— ஓர் அக்கா, விசுவமடு

பதில்: அந்நேரம் தொடாதீர்கள். அரைத் தூக்கத்தில் உடம்பு இன்னும் பங்கருக்குள்தான் கிடக்கிறது, தொடுவது அம்மாவின் கை என்று அதற்குத் தெரியாது. கால்மாட்டில், கை எட்டாத தூரத்தில் நின்று லைட்டைப் போட்டுப் பெயர் சொல்லிக் கூப்பிடுங்கள். ‘இது எங்கட வீடு, நான் அக்கா’ என்று இடத்தையும் ஆளையும் சொல்லுங்கள். விழித்ததும் வெறுங்காலை நிலத்தில் ஊன்றி இருக்கட்டும், முகம் கழுவட்டும். கனவை அப்போது விசாரிக்க வேண்டாம்.

ஒரே கனவு திரும்பத் திரும்ப வந்தால் பகலில் செய்ய ஒரு பயிற்சி உண்டு. கனவின் முடிவைத் தனக்கு ஏற்றபடி மாற்றிக் கொப்பியில் எழுதி, நாளும் 10–20 நிமிடம் மனதில் ஓட்டிப் பார்க்க வேண்டும். ஆகக் கொடிய கனவில் தொடங்கினால் பயம் கூடும்; சின்னதில் தொடங்க வேண்டும். உளவளத்துணையாளர் ஒருவர் தொடக்கிவைப்பது நல்லது.

‘ரெண்டு கிளாஸ் அடித்தால் படுப்பான்’ என்னும் சொந்தக்காரரின் வைத்தியம் வேண்டாம். கசிப்பு முன்சாமத்தில் தூங்க வைக்கும்; வெறி இறங்கும் பின்சாமத்தில் கனவு மோசமாகும்.

மாவட்ட வைத்தியசாலையின் மனநலப் பிரிவுக்குக் கூட்டிப்போங்கள். இதற்குக் கொடுக்கும் சேர்ட்ரலின் போன்ற மனநல மாத்திரை பலன் காட்டச் சில கிழமைகள் எடுக்கும். பலர் இரண்டாம் கிழமையே ‘சரிவரவில்லை’ என்று விட்டுவிடுகிறார்கள். குணம் கண்டபிறகும் மருத்துவர் சொல்லாமல் நிறுத்தக் கூடாது. அவசரத்துக்குத் தேசிய மனநல உதவித் தொலைபேசி இலக்கம் 1926.

‘பாவி’ என்பதற்கு ‘மறந்துவிடு’ பதிலாகாது. 18 வயதுக்குக் குறைந்தவரை ஆயுதக் குழு எந்தக் காரணத்துக்காகவும் சேர்க்கக் கூடாது என்று ஐ.நா. 2000இல் விதித்தது. இலங்கைத் தண்டனைச் சட்டக்கோவையும் 2006இல் அதைக் குற்றமாக்கியது. பிடித்தவர்களின் குற்றத்தைப் பிடிபட்ட பிள்ளை சுமக்கத் தேவையில்லை என்று சொல்லுங்கள். இப்படிப் பிடிபட்டவர் இளமையை அர்ப்பணித்தார் என்று மேடையில் பேசுவார்கள். அவரை யாரும் கேட்கவேயில்லையே!

கேள்வி: பத்தாம் வகுப்போடு என்னையும் கொண்டுபோனார்கள். தச்சுவேலை நன்றாகத் தெரியும், சான்றிதழ்தான் இல்லை.
— வாசகர், மல்லாவி

பதில்: திரும்பப் பள்ளிக்கூடம் போகத் தேவையில்லை. ஏற்கெனவே கற்ற தொழிலை மதிப்பிட்டு என்.வி.கியூ. என்னும் தேசிய தொழில் தகைமைச் சான்றிதழ் தரும் முறை இருக்கிறது. தொழிற்பயிற்சி அதிகார சபையின் மாவட்ட அலுவலகத்தில் கேளுங்கள். மதிப்பீட்டாளர் முன் வேலையைச் செய்துகாட்ட வேண்டும். செய்த கதவு, யன்னல்களின் படங்கள், வேலை கொடுத்தவர்களின் கடிதங்கள் ஆகியவற்றை இப்போதே சேர்த்து ஃபைலில் வையுங்கள். வெறுங்கையோடு போகிறவர்கள்தான் அலைகிறார்கள்.