1952-இல் ஹோரஸ் லிண்ட்ரம் வென்றதை உண்மையான உலக ஸ்னூக்கர் பட்டம் என்று சொல்லலாமா?

தாராளமாகச் சொல்லலாம். யாரோடோ வாக்குவாதம் செய்துவிட்டுத்தான் இந்தக் கேள்வியைக் கேட்கிறீர்கள் என்று தோன்றுகிறது. அப்படியானால் விவரத்தோடு போங்கள்.

1951-52 பருவத்தில், உலகப் போட்டியை நடத்திவந்த பில்லியர்ட்ஸ் சங்கத்துக்கும் தொழில்முறை ஆட்டக்காரர்களுக்கும் பணத் தகராறு. ஆட்டக்காரர்கள் விலகிப்போய் ‘மேட்ச்-பிளே’ என்று தனியாக ஒரு உலகப் போட்டி நடத்தினார்கள். சங்கத்தின் அதிகாரப்பூர்வப் போட்டிக்கு வந்தவர்கள் இரண்டே பேர்: ஆஸ்திரேலியாவின் லிண்ட்ரம், நியூசிலாந்தின் கிளார்க் மெக்கோனகி. மான்செஸ்டர் ஹவுல்ஸ்வொர்த் ஹாலில் பிப்ரவரி 25 தொடங்கி மார்ச் 8 வரை ஆடினார்கள். பட்டம் உறுதியான பிறகும் நிறுத்தாமல் ஆடி, 94-49 என்று முடித்தார்கள். கூட்டினால் 143 பிரேம், அதாவது 143 தனித்தனி ஆட்டம். சும்மா கிடைத்த பட்டம் என்பவர்கள் ஒரே ஆளோடு அத்தனை பிரேம் ஆடிப் பார்க்கட்டும்.

எனக்கு ஏன் இவ்வளவு கோபம் என்றால், இதே பேச்சை நானும் கேட்டிருக்கிறேன். எங்கள் அலுவலக மனமகிழ் மன்றத்தில் முழு அளவு டேபிள் ஒன்று இருந்தது. ஒரு வருடம் மண்டலப் போட்டி எங்கள் ஊரில். வெளியூர்க்காரர்களுக்குப் பயணப்படியைக் குறைத்துவிட்டார்கள் என்று பெரிய ஆட்டக்காரர்கள் யாரும் வரவில்லை. அவர்கள் கேட்டது நியாயம்தான், அந்த மனுவில் நானும் கையெழுத்துப் போட்டிருந்தேன். ஆனால் போட்டியை ரத்து செய்யவில்லை, டிராவில் என் பெயர் வந்தது, ஆடினேன்.

இறுதி ஆட்டத்தில் எதிரே, எனக்குக் கியூ கோல் பிடிக்கச் சொல்லிக்கொடுத்த அண்ணன். மழைக்காலம், துணி ஈரம் இழுத்துப் பந்து கனமாக ஓடியது. கடைசி பிரேமில் கருப்புப் பந்து மட்டும் மிச்சம், போடுபவருக்குப் பட்டம். அவர் அதைப் பக்கவாட்டு குஷனோடு, அதாவது டேபிளின் ரப்பர் விளிம்போடு, ஒட்டி நிறுத்திவிட்டார். பந்தையும் குஷனையும் ஒரே நேரத்தில் தொட்டாக வேண்டும், கொஞ்சம் தடித்தாலும் பந்து வெளியே வந்துவிடும். மெதுவாகத்தான் அடித்தேன். குஷனை உரசிக்கொண்டே போய் மூலைப் பாக்கெட்டில் விழுந்தது. அண்ணன் டேபிளைச் சுற்றி வந்து கை கொடுத்தார்.

மறுநாள் கேன்டீனிலேயே ஆரம்பித்துவிட்டார்கள், “ஆலை இல்லாத ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை.” பணி ஓய்வு விழா மேடையிலும் ஒருவர் அதையே சொன்னார். எனக்கு மட்டுமல்ல, அந்த அண்ணனுக்கும் அது அவமரியாதை. அந்த டேபிளும் இப்போது இல்லை. ஸ்லேட் கல்லைத் தனித்தனியாகக் கழற்றி விற்றுவிட்டு, அந்த அறையில் பழைய கோப்புகளை அடுக்கி வைத்திருக்கிறார்கள். உறுப்பினர்களை ஒரு வார்த்தை கேட்கவில்லை. பிள்ளைகளுக்கு ஆட இடமில்லை என்று புலம்புவதும் இதே நிர்வாகம்தான்.

என்னை லிண்ட்ரமோடு ஒப்பிடுகிறேன் என்று யாரும் கிளம்ப வேண்டாம். அவர் 1936, 1937, 1946 என்று மூன்று இறுதி ஆட்டங்களில், பதினைந்து முறை உலகப் பட்டம் வென்ற ஜோ டேவிஸிடம் தோற்றவர். 1936-இல் 27-24 என்று முன்னிலையில் இருந்தார். டேவிஸ் தொடர்ந்து பத்து பிரேம் எடுத்து 34-27 என்று பறித்துக்கொண்டார். 1946-இல் 78-67. ஜோ டேவிஸை அந்த அளவுக்கு விரட்டியவரை ஒப்புக்குச் சப்பாணி என்று சொல்ல முடியுமா?

அந்த மேட்ச்-பிளே போட்டியில் பிரெட் டேவிஸ், வால்டர் டொனால்ட்சனை 38-35 என்று வென்றார். பலமான ஆட்டக்காரர்கள் அங்கேதான் இருந்தார்கள், மறுக்கவில்லை. ஆனால் பிரெட்டின் அண்ணன் ஜோ அதிலும் ஆடவில்லை. 1946-இல் பட்டம் வென்றதோடு உலகப் போட்டியிலிருந்து விலகியவர், மற்ற ஆட்டங்களில் அப்போதும் முன்னணியில் இருந்தார். சிறந்தவர் வராவிட்டால் பட்டம் செல்லாது என்றால் பிரெட்டுடையதையும் அல்லவா அடிக்க வேண்டும்? யாரும் அடிப்பதில்லை, அடிக்கவும் கூடாது.

1931-ஐயும் கேட்டுப் பாருங்கள். அந்த வருட உலகப் போட்டிக்கும் இரண்டே பேர்தான், ஜோ டேவிஸும் டாம் டென்னிஸும். நாட்டிங்காமில் ஆடினார்கள், டேவிஸ் 25-21 என்று ஜெயித்தார். ஜோ டேவிஸுக்குப் பதினைந்து பட்டம் என்று எல்லோரும் எண்ணும்போது அதையும் சேர்த்துத்தான் எண்ணுகிறார்கள்.