ஒலி அளக்கும் மென்பொருள் இருந்தால்தான் மைக் செட்டைச் சரியாக டியூன் செய்ய முடியுமா? காது போதாதா?

குறை இருக்கிறது என்பதைக் காது சொல்லிவிடும். எதனால் என்பதைச் சொல்லாது. அதற்குத்தான் மென்பொருள்.

குமரி மாவட்டத்துக் கடற்கரை ஊர்களில் பங்குத் திருவிழா, கோயில் கொடை எல்லாவற்றுக்கும் மைக் செட் போடுகிறேன். சில வருடங்களுக்கு முன் ஒரு பங்குத் திருவிழா. மேடையருகே இரண்டு பாக்ஸ், முப்பது மீட்டர் தள்ளிப் பின்னால் இன்னும் இரண்டு. கொடியேற்றத்தன்று மறையுரை முடிந்ததும் பின்வரிசைப் பாட்டி ஒருவர் வந்து, "மக்களே, சாமியாரு பேசினது ஒண்ணும் வெளங்கல்ல" என்றார். டிரெபிள் குறைவு என்று நினைத்து ஈக்யூவில், அதாவது அலைவரிசை வாரியாக ஒலியைக் கூட்டிக் குறைக்கும் இடத்தில், ஏற்றினேன். மைக் கூவியதுதான் மிச்சம், பேச்சு தெளியவில்லை.

மறுநாள் மதியம் நண்பர் ஒருவர் லேப்டாப்பில் ஸ்மார்ட் (Smaart) என்ற ஒலி அளக்கும் மென்பொருளோடு வந்தார். மிக்ஸரிலிருந்து ஒரு வயர், பின்வரிசையில் வைத்த அளவு மைக்கிலிருந்து (ஒலியை அளப்பதற்கென்றே உள்ள மைக்) ஒரு வயர். அனுப்பிய ஒலியையும் வந்து சேர்ந்த ஒலியையும் அது ஒப்பிட்டுப் பார்க்கும். பின் பாக்ஸின் ஒலி வந்து 86 மில்லி செகண்ட் கழித்துத்தான் முன் பாக்ஸின் ஒலி வந்து சேர்ந்தது. 30 டிகிரி வெயிலில் ஒலி நொடிக்குச் சுமார் 349 மீட்டர் போகும். முப்பது மீட்டருக்குக் கணக்கு சரியாக வருகிறது. ஆக, ஒவ்வொரு சொல்லும் பாட்டிக்கு இரண்டு தடவை கேட்டிருக்கிறது. இதை எந்த ஈக்யூவும் சரி செய்யாது. பின் பாக்ஸுக்கு அந்த 86-ஐ டிலேயாக, அதாவது தாமதமாக, கொடுத்து, மேலே ஒரு பத்து மில்லி செகண்ட் கூட்டினோம். குரல் மேடையிலிருந்தே வருவதுபோல் ஆனது. அன்று ராத்திரி பின்வரிசையில் போய் நின்று மறையுரை முழுவதையும் கேட்டேன்.

அதனால் மென்பொருளைத் திறந்ததும், எந்த அலைவரிசை கூட, எது குறைவு என்று காட்டும் வளைகோட்டை நேராக்கப் போகாதீர்கள். முதலில் நேரம், அடுத்து பேஸ் பாக்ஸும், அதற்கு மேலுள்ள அலைவரிசைகளைத் தரும் டாப் பாக்ஸும் சேரும் அலைவரிசை. 90 ஹெர்ட்ஸில் அலைநீளம் நாலு மீட்டருக்குக் கொஞ்சம் குறைவு. டாப்பைவிட பேஸ் பாக்ஸ் இரண்டு மீட்டர் முன்னால் இருந்தாலே எதிரெதிராகி ஒன்றையொன்று தின்றுவிடும். பேஸ் வரவில்லையே என்று வால்யூமை ஏற்றுவோம், ஆம்ப்ளிஃபயர்தான் சூடாகும். ஈக்யூ கடைசியில் போதும். அனுப்பிய ஒலியும் வந்த ஒலியும் எவ்வளவு ஒத்துப்போகிறது என்று காட்டுவது கோஹரன்ஸ் கோடு. அது விழுந்து கிடக்கும் அலைவரிசையில் கையே வைக்காதீர்கள். அங்கே திரை காட்டுவது எதிரொலியாகவோ கடல் இரைச்சலாகவோ இருக்கலாம்.

எங்கள் பக்கம் சாயங்காலக் காற்று அடித்தால் மேல் அலைவரிசைக் கோடு ஆடிக்கொண்டே இருக்கும். மென்பொருள் சராசரி எடுக்கும் நேரத்தைக் கூட்டி வையுங்கள், ஒவ்வொரு ஆட்டத்தையும் துரத்த வேண்டாம். மதிய வெயிலில் வைத்த டிலே ராத்திரிக்கும் பொருந்துமா என்று கேட்பார்கள். 33 டிகிரி 26 ஆனாலும் முப்பது மீட்டருக்கு வித்தியாசம் ஒரு மில்லி செகண்ட்தான்.

ஒரே இடத்தில் அளந்து முடித்துவிடாதீர்கள். மணலில் உட்காருபவர்களின் காது உயரத்தில் நாலைந்து இடத்தில் மைக்கை வையுங்கள். அளப்பதற்கு பிங்க் நாய்ஸ் என்கிற, எல்லா அலைவரிசையும் கலந்த இரைச்சல்தான் போட வேண்டும் என்றில்லை, எல்லா அலைவரிசையும் நிறைந்த பாட்டு ஒன்று போதும். பக்கத்து வீட்டில் தொட்டில் குழந்தை தூங்கும் நேரத்தில் அந்த இரைச்சலை நான் போடுவதே இல்லை.

ஸ்மார்ட்டுக்குக் காசு கட்ட வேண்டும். ஆர்.இ.டபிள்யூ (Room EQ Wizard) என்ற அளவு மென்பொருள் இலவசம், ஓப்பன் சவுண்ட் மீட்டர் என்பதும் விண்டோஸில் இலவசம். இருக்கிற பணத்தில் முதலில் நல்ல அளவு மைக் ஒன்று வாங்குங்கள்.