கேளுங்க, சொல்றேன்: காவிரிக் கணக்கும் கடைமடையும்

போன இதழ்ல மேட்டூர் பத்தி நாலு வரி எழுதினதுக்கே இவ்வளவு கேள்வியா! இந்த வாரம் முழுக்க ஆத்துத் தண்ணிதான், சினிமா கேள்வி அனுப்பினவங்க ஒரு வாரம் பொறுத்துக்குங்க.

நீடாமங்கலத்துல இருந்து ஒரு விவசாயி: காவிரியில வருஷத்துக்கு 177.25 டிஎம்சி (ஒரு டிஎம்சின்னா நூறு கோடி கன அடி) நமக்குன்னு சுப்ரீம் கோர்ட்டே சொல்லிடுச்சு. சில வருஷம் அதுக்கு மூணு மடங்கு வந்துச்சுன்னு பேப்பர்ல போடுறாங்க. அப்புறம் எதுக்கு சார் வருஷா வருஷம் கர்நாடகாகூட இந்த சண்டை?

வருஷக் கணக்குல பாத்தா சண்டையே இல்லாத மாதிரிதான் தெரியும், மாசக் கணக்குல பாருங்க. 2018 பிப்ரவரி 16 தீர்ப்புல 177.25ன்னு மொத்தமா வந்தாலும், கர்நாடகாவுல இருந்து வர்ற தண்ணிய எல்லையில அளக்குற பிலிகுண்டுலுவுல எந்த மாசம் எவ்வளவு வரணும்னு அட்டவணை இருக்கு. ஜூன்ல 9.19, ஜூலைல 31.24, ஆகஸ்ட்ல 45.95, செப்டம்பர்ல 36.76, அப்படியே கொறஞ்சுகிட்டே போய் பிப்ரவரில இருந்து மே வரைக்கும் மாசம் 2.5. டெல்டாவோட முதல் நெல் போகம் குறுவை, அதுக்கு ஜூன் ஜூலைல தண்ணி வேணும். அப்ப வராம ஆகஸ்ட்ல கர்நாடகா அணையெல்லாம் ரொம்பி வழிஞ்சு மொத்தமா வந்துச்சுன்னா பேப்பர்ல கணக்கு டேலி, வயல்ல நாத்து கருகிப் போச்சு. பன்னெண்டு மாச சம்பளத்தையும் தீபாவளி அன்னிக்கு ஒரே கட்டா குடுத்தா வீட்டு வாடகை எப்படி கட்டுறது?

ரெண்டு வருஷத்தை அடுத்தடுத்து வச்சுப் பாத்தா இன்னும் நல்லா புரியும். 2022ல மேட்டூரை மே 24ந்தேதியே திறந்தாங்க, வழக்கமான தேதி ஜூன் 12. அந்தப் பாசன வருஷம் பிலிகுண்டுலுவுல 600 டிஎம்சிக்கு மேல ஓடி வந்துச்சு, நம்மகிட்ட இருக்கிற பெரிய தொட்டி மேட்டூர், அதுவே 93.47தான் பிடிக்கும், மிச்சம் கொள்ளிடம் வழியா போயிடுச்சு. அடுத்த வருஷம் 2023ல ஜூன் 12ந்தேதி கரெக்டா திறந்தாங்க, மழை ஏமாத்துச்சு, அக்டோபர் 10ந்தேதி மூடிட்டாங்க, வரவேண்டியதுல பாதி கூட வரல.

நான் சொல்ல வர்றது இதுதான். நல்ல மழை வருஷத்துக்கு எந்த ஒப்பந்தமும் தேவையில்ல, தண்ணியே தன் வேலையப் பாத்துக்கும். பஞ்ச வருஷத்துக்குத்தான் ஒப்பந்தம் வேணும், அதுலதான் நம்ம ஆளுங்க கோட்டை விட்டிருக்காங்க. கொறஞ்சா எல்லாரும் விகிதாச்சாரப்படி கொறைச்சுக்கணும்னு இந்தத் தகராறைத் தீர்க்க அமைச்ச காவிரி நடுவர் மன்றத்தோட 2007 தீர்ப்புலயே இருக்கு. ஆனா எந்த மாசத்துல இருந்து பஞ்சம்னு எடுத்துக்கிறது, அணையில இருக்கிறதை வச்சுப் பாக்குறதா வரத்தை வச்சுப் பாக்குறதா, இதுக்கு ரெண்டு பக்கமும் கையெழுத்துப் போட்ட ஃபார்முலா கெடையாது. 2018 ஜூன்ல காவிரி நீர் மேலாண்மை ஆணையம் வந்தது நல்ல விஷயம், ஆனா கேஆர்எஸ் (கிருஷ்ணராஜசாகர் அணை) மதகு சாவி கர்நாடகா கையில, மேட்டூர் சாவி நம்ம கையில, ஆணையம் உத்தரவு போடும், மேல இருக்கிறவங்க முடியாதும்பாங்க, மறுபடி கோர்ட்டு. கபினி, ஹேமாவதி, ஹாரங்கி, கேஆர்எஸ், மேட்டூர், பவானிசாகர் எல்லாத்தையும் ஒரே டேபிள்ல வச்சு வாராவாரம் இயக்குற வரைக்கும் இது ஓயாது. கர்நாடகாவுல மண்டியா விவசாயியும் 2023ல ரோட்டுலதான் உக்காந்தாரு, அதையும் மறந்துடாதீங்க.

பேராவூரணியில இருந்து ஒரு வாசகி: மேட்டூர் திறந்து எத்தனையோ நாளாச்சு, எங்க ஏரிக்கு இன்னும் தண்ணி வந்து சேரல. நாங்க கர்நாடகாவ திட்டுறதா, இல்ல மேல இருக்கிற நம்மூர்க்காரங்கள திட்டுறதா?

அக்கா, இந்த வாரத்தோட பெஸ்ட் கேள்வி உங்களுதுதான். மேட்டூர் தண்ணி கல்லணைக்கு வந்ததும் காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய்னு பிரியும், வெள்ளம் வந்தா கொள்ளிடம். உங்களுக்கு வர்றது கல்லணைக் கால்வாய், புது ஆறுன்னு சொல்றோமே அது, மேட்டூர் அணையோட சேத்து 1934ல வந்தது, 148 கிலோமீட்டர் ஓடி மும்பாலை ஏரியில முடியுது. அவ்வளவு தூரத்துல எத்தனை மதகு, எத்தனை ஷட்டர், அதுல எத்தனை ரிப்பேர், எத்தனை இடத்துல ராத்திரி மோட்டார் வச்சு இழுக்குறாங்க! முறை வச்சு விடுறோம்னு அதிகாரிங்க சொல்வாங்க, முறை மாறுற அன்னிக்கு தலைமடைக்காரர் ஷட்டரை இறக்க விட மாட்டாரு, மதகைத் திறந்து மூடுற லஸ்கர் பாவம் தனி ஆளு, அவரு என்ன பண்ணுவாரு.

இன்னொன்னும் இருக்கு, மணல். காவிரியிலயும் கொள்ளிடத்துலயும் பல வருஷமா அள்ளினதுல ஆத்துப் படுகை இறங்கிடுச்சு, வாய்க்கா தலைமதகு மேலயே நிக்குது, அதனால ஆத்துல தண்ணி ஓடும், வாய்க்கால்ல ஏறாது. இதுக்கு கர்நாடகா ஒண்ணும் பண்ண முடியாது. தூர் வாருறதும் அப்படித்தான், தண்ணி வர்ற தேதி நெருங்கினப்புறம் பொக்லைன் எறக்குனா வேலை எந்த லட்சணத்துல இருக்கும்?

நாம பெங்களூரைப் பாத்து என்ன கேக்குறோமோ அதையேதான் நீங்க தஞ்சாவூரைப் பாத்து கேக்குறீங்க. மேல இருக்கிறவன் முதல்ல எடுத்துக்கிட்டா கீழ இருக்கிறவன் என்ன பண்றதுன்னு. அதுக்கு நம்ம மாநிலத்துக்குள்ளயே நியாயமா பதில் சொல்லாம டெல்லியில போய் வாதாடுறது எனக்கு கொஞ்சம் கூச்சமாத்தான் இருக்கு. ஒண்ணு செய்யுங்க, உங்க கிளை வாய்க்காலுக்கு எந்தத் தேதியில எவ்வளவு கன அடின்னு எழுதிக் கேட்டு வாங்கி ஊர் டீக்கடையில ஒட்டுங்க. தேதி எல்லாருக்கும் தெரிஞ்சுட்டா மேல ஷட்டரைப் பிடிச்சுக்கிட்டு நிக்கிறது கொஞ்சம் கஷ்டம்.

ஓசூர்ல இருந்து ஒருத்தர்: பெங்களூருக்கு குடிக்கத் தண்ணி குடுத்தது தப்பா? அங்கயும் லட்சக்கணக்குல தமிழங்க இருக்காங்களே.

தப்பே இல்ல. நடுவர் மன்றம் பெங்களூர்ல மூணுல ஒரு பங்குதான் காவிரிப் படுகைக்குள்ள வருதுன்னு கணக்குப் போட்டுச்சு, சுப்ரீம் கோர்ட் அதை ஏத்துக்காம 4.75 டிஎம்சி கூட குடுத்துச்சு. குடிதண்ணிக்கு நான் சண்டை போட மாட்டேன். அதே தீர்ப்புல நம்ம டெல்டாவுல நிலத்தடி நீர் இருக்குன்னு சொல்லி 10 டிஎம்சிய கழிச்சாங்க பாருங்க, அதுதான் எனக்கு உறுத்தல். நிலத்தடி நீர் எங்கிருந்து வருது, ஆத்துலயும் வாய்க்கால்லயும் கசியுறதுதானே? அந்தப் பக்கம் அதை கணக்குல கழிச்சாச்சு, இந்தப் பக்கம் நம்ம ஆளுங்களே கசிவை நிறுத்துறோம்னு கல்லணைக் கால்வாய்க்கு காங்கிரீட் போடுறாங்க. கடைமடைக்கு சீக்கிரம் தண்ணி போகும்ங்கிறது நெசம்தான், கரையோரக் கெணத்துக்காரரு புலம்புறதும் நெசம்தான்.

அப்புறம், குடுத்த தண்ணி என்னவாகுதுன்னு உங்களுக்கு நான் சொல்லணுமா? பெல்லந்தூர், வர்த்தூர் ஏரி வழியா தென்பெண்ணையில இறங்கி உங்க கெலவரப்பள்ளி அணையில நுரை நுரையா நிக்குதே. இன்னொரு பக்கம் விருஷபாவதி வழியா அர்க்காவதிக்குப் போய் மறுபடி காவிரியிலயே சேருது. எத்தனை டிஎம்சின்னு பேசின அளவுக்கு எப்படிப்பட்ட தண்ணின்னு யாரும் பேசல.

சேலம் வாசகர்: கடல்ல வீணா கலக்குற தண்ணிய தடுக்கக் கூடாதா?

வீணான்னு யார் சொன்னது? நடுவர் மன்றமே சுற்றுச்சூழலுக்கு 10, கடலுக்குத் தவிர்க்க முடியாம போறது 4ன்னு தனியா ஒதுக்கி வச்சிருக்கு. ஆத்துத் தண்ணி போய்த் தள்ளலேன்னா உப்பு உள்ள வரும், நாகப்பட்டினம் பக்கம் கெணத்துத் தண்ணிய குடிச்சுப் பாருங்க தெரியும். வெள்ளத்துல கொஞ்சத்தை ஏரி குளத்துக்குத் திருப்பலாம், தாராளமா.

கல்லூரி மாணவர், திருச்சி: எல்லா நதியையும் மத்திய அரசே எடுத்துக்கிட்டா பிரச்சனை முடிஞ்சிடும்ல?

அதுக்கு சட்டம் இருக்கு தம்பி, நதி வாரியங்கள் சட்டம், 1956. ஆனா அந்த சட்டத்துக்குக் கீழ இதுவரைக்கும் ஒரு வாரியம் கூட அமைக்கல. எந்த மாநிலமும் சாவியக் குடுக்காது, டெல்லியும் கேட்டு வம்புல மாட்டிக்காது. அதே வருஷம் வந்த தண்ணீர்த் தகராறு சட்டத்துலதான் காவிரி நடுவர் மன்றம் 1990ல வந்துச்சு, இறுதித் தீர்ப்பு 2007, அரசிதழ்ல வந்தது 2013. இடையில 2003லயே ரெண்டு மாநில விவசாயிகளும் காவிரிக் குடும்பம்னு ஒண்ணா உக்காந்து பேசினாங்க, அங்க இங்க வயலுக்கே போய்ப் பாத்தாங்க. எனக்கு அதுலதான் நம்பிக்கை அதிகம், ஆனா அதுக்கு அதிகாரம் ஒண்ணும் கெடையாது.

மாயவரம் வாசகி: நியூஸ்ல ஒரு நாள் கன அடிங்கிறாங்க, ஒரு நாள் டிஎம்சிங்கிறாங்க. எனக்கு ரெண்டும் குழப்புது.

கன அடின்னா ஒரு செகண்டுக்கு எவ்வளவு ஓடுதுன்னு, டிஎம்சின்னா மொத்தமா எவ்வளவு சேந்துச்சுன்னு, அதாவது நூறு கோடி கன அடி. ஒரு நாள் முழுக்க 11,574 கன அடி விட்டா ஒரு டிஎம்சி. இனிமே 5,000 கன அடி திறப்புன்னு நியூஸ் வந்தா ஒரு நாளைக்கு அரை டிஎம்சி கூட இல்லன்னு நீங்களே போட்டுக்கலாம், அதுவும் பிலிகுண்டுலுவுல அளந்தாத்தான்.