72 மணி நேரம் வரை காத்திருக்கலாமா?

கேள்வி: எனக்கு வயது 28, ஒரு குழந்தை இருக்கிறது. சென்ற மாதம் உறவின்போது ஆணுறை கிழிந்துவிட்டது. மறுநாள் காலையில் என் கணவர் மூன்று மருந்துக் கடைகளில் கேட்டும் அவசரக் கருத்தடை மாத்திரை கிடைக்கவில்லை. ஒரு கடையில் ‘அது தடை செய்த மாத்திரை’ என்றே சொல்லிவிட்டார்கள். பெங்களூரில் இருக்கும் அக்கா வாங்கிப் பேருந்தில் கொடுத்தனுப்ப, மூன்றாம் நாள்தான் போட்டுக்கொண்டேன். மாதவிலக்கு ஐந்து நாள் தள்ளி வந்தது. கருவைக் கலைத்துவிட்டேனோ என்று மனம் உறுத்துகிறது, டாக்டர்.
– வாசகி, திருநெல்வேலி மாவட்டம்

பதில்: இல்லை அம்மா, நீங்கள் எந்தக் கருவையும் கலைக்கவில்லை. அந்த மாத்திரையில் இருப்பது 1.5 மில்லிகிராம் லெவோநார்ஜெஸ்ட்ரல். சினைப்பையிலிருந்து கருமுட்டை வெளிவருவதை அது சில நாட்கள் தள்ளிப்போடுகிறது. அதற்குள் விந்தணுக்கள் செயலிழந்துவிடுவதால் கரு உருவாக வழியில்லாமல் போகிறது. ஏற்கெனவே கரு தங்கியிருந்தால் இம்மாத்திரை அதை ஒன்றும் செய்யாது. மாதவிலக்கு சில நாள் முந்துவதும் பிந்துவதும் இயல்பே. ஒரு வாரத்துக்கு மேல் தள்ளினால் மட்டும் சிறுநீர்ப் பரிசோதனை செய்துபாருங்கள்.

என்னை வருத்துவது, நீங்கள் அலைந்து இழந்த அந்த இரண்டு நாட்கள்தான். கருமுட்டை வெளிவரும் தறுவாய்க்கு வந்துவிட்டால் மாத்திரையால் அதை நிறுத்த இயலாது. உலகச் சுகாதார நிறுவனத்தின் ஆய்வொன்று 1998-இல் வெளியானது. மாத்திரை இல்லாவிட்டால் உண்டாகியிருக்கக்கூடிய கர்ப்பங்களில், 24 மணி நேரத்துக்குள் போட்டுக்கொண்டவர்களிடம் 95 சதவீதமும், மூன்றாம் நாளில் போட்டுக்கொண்டவர்களிடம் 58 சதவீதமும் தவிர்க்கப்பட்டன என்று அது கண்டது. எனவே 72 மணி நேரம் என்பதைக் கடைசி எல்லையாகக் கொள்ளுங்களே தவிர, அதுவரை பொறுத்திருக்கலாம் என்று எண்ணாதீர்கள்.

கடைக்காரர் சொன்னது சரியன்று. 2005 முதல் இந்தியாவில் மருத்துவர் சீட்டு இல்லாமலே இதை விற்கலாம்; விலையும் ஏறத்தாழ நூறு ரூபாய்தான். ஆயினும் தமிழ்நாட்டில் பல கடைகள் இதை வைத்திருப்பதில்லை என்பது வேதனையான உண்மை. அரசின் குடும்ப நலத் திட்டத்தில் இம்மாத்திரையும் உண்டு என்பதால், ஆரம்ப சுகாதார நிலையத்தில் செவிலியரிடம் தயங்காமல் கேளுங்கள். அங்கும் இல்லையென்றால், உறவுக்குப் பின் ஐந்து நாட்களுக்குள் கருப்பையில் காப்பர்-டி என்னும் கருத்தடைச் சாதனத்தைப் பொருத்திக்கொள்வது மாத்திரையைவிட உறுதியானது. 99 சதவீதத்துக்கும் மேல் பலனளிக்கும். அரசு மருத்துவமனையில் செலவின்றிப் பொருத்துவார்கள். அடுத்த குழந்தையைத் தள்ளிப்போட விரும்பும் உங்களைப் போன்றவர்களுக்குப் பின்னரும் பல ஆண்டுகள் அதுவே பாதுகாப்பாக இருக்கும்.

மாத்திரை போட்ட இரண்டு மணி நேரத்துக்குள் வாந்தி வந்தால் இன்னொன்று போட வேண்டும். காசநோய்க்கு ரிஃபாம்பிசின், வலிப்புக்கு ஃபெனிடாயின் போன்றவற்றை உட்கொள்பவர்களுக்கு இதன் பலன் குறையும் என்பதால், அவர்கள் மருத்துவரிடம் அதைச் சொல்லியே கேட்க வேண்டும். அடுத்து வரும் நாட்களுக்கு இம்மாத்திரை காப்பு அன்று, ஆணுறையை விடாதீர்கள். அக்கா அடுத்த முறை ஊருக்கு வரும்போது ஒன்று வாங்கிவரச் சொல்லி, காலாவதித் தேதியைப் பார்த்து வீட்டிலேயே வைத்துக்கொள்ளுங்கள்.