ஒரே அப்ளிகேஷனா, குட்டிக் குட்டி சர்வீஸா? – கேள்வி பதில்

கேள்வி: அண்ணா, நாங்கள் நான்கு பேர் ஆன்லைன் மளிகைக் கடைக்கு ஆப் எழுதுகிறோம். முதலிலேயே மைக்ரோசர்வீஸாக, அதாவது தனித்தனியாக ஓடி நெட்வொர்க் வழியே பேசிக்கொள்ளும் குட்டி சர்வீஸ்களாகப் பிரித்துவிடலாமா?

வேண்டாம் தம்பி. நான்கு பேருக்கு ஒரே அப்ளிகேஷன் போதும். அதற்குள்ளேயே ஆர்டர், ஸ்டாக், பேமென்ட் என்று மாட்யூல் (தனிப் பகுதி) பிரியுங்கள். ஒன்றின் டேட்டாபேஸ் டேபிளை இன்னொன்று தொடக் கூடாது. ஒரே கோட்பேஸில் இந்த ஒழுங்கு வரவில்லை என்றால், நடுவில் நெட்வொர்க்கை வைத்தால் மட்டும் வந்துவிடுமா என்ன?

கேள்வி: நெட்ஃபிளிக்ஸ் அப்படித்தானே சார் செய்தார்கள்?

2008 ஆகஸ்டில் டேட்டாபேஸ் கெட்டுப்போய், மூன்று நாள் அவர்களால் டிவிடி அனுப்ப முடியவில்லை. அந்த அடிக்குப் பிறகுதான் மைக்ரோசர்வீஸுக்கு மாறத் தொடங்கினார்கள். முடிக்க 2016 ஜனவரி ஆகிவிட்டது. மாறாக, அமேசான் பிரைம் வீடியோவில் தனித்தனித் துண்டுகளாக ஓடிய, வீடியோ தரத்தைக் கண்காணிக்கும் கருவியை ஒரே புராசஸுக்குள் (ஒரே புரோகிராமாக) கொண்டுவந்ததும் செலவு 90 சதவீதத்துக்கு மேல் குறைந்ததாக அந்தக் குழுவே 2023இல் எழுதியது. அந்த ஒரு கருவிக்கு மட்டும்தான். பிரைம் வீடியோவே மாறிவிட்டது என்பதெல்லாம் சும்மா கிளப்பிவிட்டது.

கேள்வி: ஆர்டருக்கும் பேமென்டுக்கும் தனித்தனி டேட்டாபேஸ். பணம் போய்விட்டது, ஆர்டர் பதிவாகவில்லை. எப்படி ரோல்பேக் செய்வது (நடந்ததைப் பழையபடி ஆக்குவது)?

பிரித்தவர்கள் எல்லாரும் வந்து நிற்கும் இடம் இது. வரிசையை மாற்றுங்கள். முதலில் ஆர்டரை ‘நிலுவை’ என்று பதியுங்கள். அதே டிரான்ஸாக்‌ஷனில், ‘பணம் எடு’ என்ற மெசேஜை அவுட்பாக்ஸ் (அனுப்பக் காத்திருப்பவை) டேபிளில் எழுதுங்கள்; பதிந்தால் இரண்டும் சேர்ந்து பதியும், இல்லையேல் இரண்டுமே பதியாது. ஒரு வொர்க்கர் (பின்னணியில் ஓடும் புரோகிராம்) அதை எடுத்து, பேமென்ட் சர்வீஸ் படிக்கும் க்யூவில் (மெசேஜ் வரிசையில்) போடட்டும். பணம் வந்தால் ஆர்டர் உறுதி, வராவிட்டால் ரத்து. பணம் எடுத்தபின் ஸ்டாக் இல்லையென்றால் ரீஃபண்ட். இப்படி எதிர்வேலை செய்து சரிக்கட்டுவதற்கு சாகா என்று பெயர். கார்சியா-மோலினா, சேலம் என்ற இரு ஆய்வாளர்கள் 1987இலேயே எழுதியது.

அப்புறம் ஒன்று. க்யூவில் போட்டுவிட்டு, ‘அனுப்பியாச்சு’ என்று குறிப்பதற்குள் வொர்க்கர் விழுந்தால்? எழுந்ததும் அதே மெசேஜை மறுபடி போடும். ஆகவே பேமென்ட் டேபிளில் ஆர்டர் எண்ணுக்கு யூனிக் கட்டுப்பாடு (ஒரே எண் இரண்டு முறை பதியாது) போட்டு, பேங்கைக் கூப்பிடும் முன்பே அந்த ஆர்டருக்கான வரியை எழுதிவிடுங்கள். இல்லாவிட்டால் வாடிக்கையாளரிடம் இரண்டு முறை பணம் எடுப்பீர்கள்.

கேள்வி: ஒரு சர்வீஸ் மெதுவானால் மொத்த சைட்டும் தொங்குகிறதே?

டைம்அவுட் (இவ்வளவு நேரம்தான் பதிலுக்குக் காத்திருப்பேன் என்ற வரம்பு) வைத்தீர்களா? இன்னொரு சர்வீஸைக் கூப்பிடப் பயன்படும் பைத்தானின் ரிக்வெஸ்ட்ஸ் லைப்ரரியில் நாமாகக் கொடுக்காவிட்டால் டைம்அவுட்டே கிடையாது. பதில் வராத ஒவ்வொரு அழைப்பும் ஒரு த்ரெட்டை (வேலை செய்யும் ஒரு கையை) பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும். ஒரு சர்வீஸ் இன்னொன்றைக் கூப்பிடும் சங்கிலியையும் குறையுங்கள். தலா 99.9 சதவீதம் ஓடும் ஐந்து சர்வீஸ் வரிசையாகக் கூப்பிட்டுக்கொண்டால், மொத்தத்தில் கிடைப்பது 99.5தான். மாதத்துக்கு மூன்றரை மணி நேரம் கடை மூடல்.