காரைக்குடி மாடியிலிருந்து மாலையில் தெரிவது கடலா?

பொழுது சாய்ந்ததும் கிழக்கே அடிவானத்தில் கடல் மாதிரி நீலப் பட்டை, மேலே ரோஜா நிறம்; தொண்டிக் கடல்தானா என்று கேட்டிருக்கிறீர்கள்.

கடல் இல்லை. 12 மீட்டர் உயர மாடியிலிருந்து அடிவானம் சுமார் 12 கிலோமீட்டர் தூரம்தான். காரைக்குடியிலிருந்து கடற்கரை 40 கிலோமீட்டருக்கு மேல்.

நீங்கள் பார்ப்பது பூமியின் நிழல். சூரியன் மேற்கே இறங்கியதும் பூமியின் நிழல் கிழக்கே காற்று மண்டலத்தின் மேல் விழுகிறது. நிழலுக்குள் இருக்கும் காற்றில் நேர்வெயில் படாததால் அது சாம்பல் கலந்த நீலமாகத் தெரியும். அதற்கு மேலே உள்ள காற்றுக்கு இன்னும் வெயில் உண்டு. ஆனால் அந்த ஒளி காற்றில் நெடுந்தூரம் வந்து, நீலத்தைச் சிதறவிட்டு, சிவந்து போயிருக்கும். அதன் ஒரு பங்கு நம் பக்கம் திரும்பிச் சிதறுவதுதான் ரோஜா நிறம். வீனஸ் பட்டை என்பார்கள்.

ஓட்டு வரிசைக்கு மேல் நீல விளிம்பைக் குறித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நில்லுங்கள். அது மெல்ல மேலேறும். கடல் ஏறாது, இல்லையா? இருபது நிமிடத்துக்குள் எல்லாம் இருட்டோடு கலந்துவிடும்.

மழை பெய்து தூசி அடங்கிய நாள் என்றால் பளிச்சென்று இருக்கும். பொட்டல் வெளி, பெரிய கண்மாய்க் கரை எல்லாம் மாடியைவிட நல்ல இடம். விடியற்காலையில் இதே காட்சி மேற்கே. அப்புறம், பௌர்ணமி மாலையில் நிலா இந்தப் பட்டையை ஒட்டித்தான் எழும். சந்திர கிரகணத்தன்று நிலாவை மறைப்பதும் இதே நிழல்தான்.